ஒரு ரீல், ஒரு முகம்: வாசகர் கேள்வி–பதில்

பரீட்சார்த்த சினிமா குறித்து வந்த கேள்விகளில், முகத்தைப் படம்பிடிப்பது, அதற்கு ஒலி சேர்ப்பது, ஷாட்டின் நீளத்தை முடிவுசெய்வது ஆகியவை பற்றியவற்றை இந்த முறை எடுத்துக்கொண்டிருக்கிறோம்.

கேள்வி: ஒருவரை உட்காரவைத்து, வெட்டே இல்லாமல் ஒரே ஷாட்டில் முகச்சித்திரம் எடுக்க ஆசை. எத்தனை நிமிடம் ஓடவிடலாம்? ஒவ்வொரு முறையும் அவசரப்பட்டு நிறுத்திவிட்டதாகவே தோன்றுகிறது.

பதில்: நிறுத்தும் பொறுப்பை நீங்களே வைத்துக்கொண்டிருப்பதால்தான் அப்படித் தோன்றுகிறது. கேமராவுக்குப் பின்னால் நிற்பவருக்குச் சலிப்பு தட்டும் நேரமும் முகம் தன் வேடத்தைக் களைய எடுத்துக்கொள்ளும் நேரமும் ஒன்றாக வருவதே இல்லை. எனவே ஷாட் எப்போது முடியும் என்பதை, பொத்தானை அழுத்துவதற்கு முன்பே, உங்களுக்கு வெளியே இருக்கும் ஏதாவது ஒன்றிடம் ஒப்படைத்துவிடுங்கள்.

எளிதான வழி ஃபிலிமின் நீளம். 16 மி.மீ. ஃபிலிமில் அடிக்கு 40 ஃபிரேம். 100 அடிச் சுருள் என்றால் 4,000 ஃபிரேம்; நொடிக்கு 24 வீதம் ஓடினால் 2 நிமிடம் 46 நொடி. சூப்பர் 8 பெட்டியில் 50 அடி, அதாவது 3,600 ஃபிரேம். 18 வீதத்தில் 3 நிமிடம் 20 நொடி. அமெரிக்கக் கலைஞர் ஆண்டி வார்ஹால் 1964 முதல் 1966 வரை எடுத்த முகச்சித்திரங்கள் இந்த விதியில் எழுந்தவைதான். ஒரு முகத்துக்கு ஒரு 100 அடிச் சுருள். சுருள் தீர்ந்தால் படமும் தீர்ந்தது. எதிரே இருப்பவர் அழுதாலும் சரி, சிரித்தாலும் சரி, கல்லாய் உட்கார்ந்திருந்தாலும் சரி.

டிஜிட்டலில் எடுப்பவர்களுக்குச் சுருள் கிடையாது. அவர்கள் ஒரு செயலை எல்லையாக வைத்துக்கொள்ளலாம். அமெரிக்கப் பரீட்சார்த்த இயக்குநர் ஜேம்ஸ் பென்னிங் 2011-இல் இருபது பேரை எடுத்தபோது, அவரவர் ஒரு சிகரெட்டைப் புகைத்து முடிக்கும் நேரமே அவரவர் ஷாட்டின் நீளம். புகைக்கத்தான் வேண்டும் என்றில்லை. ஒரு கடிதத்தை வாய்விட்டுப் படிக்காமல் இரண்டு முறை படிப்பது, ஊசியில் நூல் கோப்பது, ஐஸ் கட்டியை உள்ளங்கையில் வைத்து உருகவிடுவது எதுவும் உதவும். தேர்ந்தெடுக்க ஒரு அளவுகோல் சொல்கிறோம்: முடிவு எது என்பது உட்கார்ந்திருப்பவருக்குத் தெரிய வேண்டும், எத்தனை நிமிடம் என்பது யாருக்கும் தெரியக் கூடாது. ‘நான் சொல்லும்வரை பாருங்கள்’ என்றால், அவர் முகம் முழுக்க உங்கள் குரலுக்குக் காத்திருக்கும் முகமாகிவிடும். ஊசியும் நூலும் கையில் இருந்தால் அந்தக் காத்திருப்பு கலைந்துவிடும்.

உட்கார்ந்தவரிடம் மூன்று விஷயம் மட்டும் சொல்லுங்கள்: எங்கே பார்ப்பது, எது நடந்தால் முடியும், இடையில் யாரும் பேசமாட்டார்கள். ‘இயல்பாக இருங்கள்’ என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். கேட்ட மறுநொடியே தோள் இறுகும். முதல் அரை நிமிடம் பெரும்பாலும் புகைப்படத்துக்கான முகம்தான். அது தளரும்போது முதலில் கீழ்த்தாடையும் உதட்டோரமும் காட்டிக்கொடுக்கும், பிறகு மூச்சு ஆழமாகும், விழுங்குவது தெரியும். அந்த முதல் அரை நிமிடத்தை எடிட்டிங்கில் வெட்டிவிடாதீர்கள். அது இருந்தால்தான் தளர்வதைப் பார்க்க முடியும்.

கேள்வி: ஸ்பிரிங் சாவி கொடுக்கும் போலெக்ஸ் ரிஃப்ளெக்ஸ் கேமரா (லென்ஸ் வழியாகவே காட்சியைப் பார்க்கும் 16 மி.மீ. ஃபிலிம் கேமரா) கிடைத்திருக்கிறது. முழுச் சாவி கொடுத்தும் அரை நிமிடத்தில் நின்றுவிடுகிறது. பழுதா?

பதில்: பழுது இல்லை. முழுச் சாவிக்கு, 24 வேகத்தில், ஏறக்குறைய 28 நொடிதான் ஓடும். முழுச் சுருளும் ஒரே ஷாட்டாக வேண்டுமானால் பக்கவாட்டில் பொருத்தும் மின்மோட்டார் தேவை. மோட்டார் இல்லாவிட்டால், அந்த 28 நொடியையே அளவாக எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு சுருளில் ஆறு ஷாட் வரும். ஆறையும் ஒரே இருக்கையில், ஒரே சட்டகத்தில், நடுவில் சாவி கொடுக்கும் இடைவெளியோடு எடுத்து அப்படியே ஒட்டினால், ஒவ்வொரு வெட்டிலும் தலை சற்றே இடம் மாறியிருக்கும். எவ்வளவு நேரம் காணாமல் போயிற்று என்று பார்ப்பவர் யோசிப்பார். அது நல்ல விஷயம்.

மூன்று எச்சரிக்கைகள். சாவி கொடுக்கும்போது டிரைபாடின் தலை நகராமல், கேமரா உடலை மறுகையால் அணைத்துப் பிடித்துக்கொள்ளுங்கள். இரண்டாவது, வ்யூஃபைண்டர். கேமராவை ஓடவிட்டு நீங்கள் நகர்ந்துவிட்டால், கண் எடுத்த துளை வழியே வெளிச்சம் பின்பக்கமாகப் புகுந்து ஃபிலிமை மங்கலாக்கும். ஐபீஸை மூடும் சிறு நெம்புகோலைத் தள்ளிவிட்டுத்தான் நகர வேண்டும். முகச்சித்திரத்தில் இந்தத் தவறு அதிகம் நடப்பதற்குக் காரணம், மற்ற படங்களில் கண் அங்கேயே ஒட்டியிருக்கும், இதில்தான் விலகுகிறோம். மூன்றாவது, காட்சியை வ்யூஃபைண்டருக்குத் திருப்பிவிட கேமராவுக்குள் இருக்கும் பிரிசம் வெளிச்சத்தில் ஒரு பங்கைத் தின்றுவிடும். 24 வேகத்தில், கைமீட்டரில் ஷட்டரை 1/50 என்று வைக்காமல் 1/80 என்று வைத்து அளந்தால் கணக்கு சரியாக வரும். நெகட்டிவ் ஃபிலிம் இந்தப் பிழையைப் பொறுத்துக்கொள்ளும். நெகட்டிவ் இல்லாமல் நேரடியாகப் பாசிட்டிவாகும் ரிவர்சல் ஃபிலிமில் அரை ஸ்டாப் தவறினாலே கன்னத்தில் தெரியும் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரட்டிப்பாவது அல்லது பாதியாவது).

கேள்வி: முகத்தை நெருங்கி எடுத்தால் மூக்கு பெரிதாகத் தெரிகிறது. எந்த லென்ஸ் சரி?

பதில்: மூக்கைப் பெரிதாக்குவது லென்ஸ் இல்லை, தூரம்தான். அரை மீட்டரில் கேமரா இருந்தால், மூக்கு நுனிக்கும் காதுக்கும் உள்ள 12 செ.மீ. வித்தியாசம் மொத்தத் தூரத்தில் கால் பங்கு. 2 மீட்டர் தள்ளினால் அது பதினாறில் ஒரு பங்குதான். முதலில் 2 மீட்டர் தள்ளி நில்லுங்கள், அப்புறம் லென்ஸைத் தேடுங்கள்.

16 மி.மீ. கேமராவில் 2 மீட்டரிலிருந்து 50 மி.மீ. லென்ஸ் வைத்தால் சட்டகத்தில் சுமார் 41 செ.மீ. அகலமும் 30 செ.மீ. உயரமும் அடங்கும்: தலை, கழுத்து, தோளின் தொடக்கம். போலெக்ஸ் ரிஃப்ளெக்ஸுக்கு 50 மி.மீ.க்குக் குறைவான லென்ஸ் என்றால் அதன் பிரிசத்துக்கென்றே செய்த வகையாக இருக்க வேண்டும் என்பதால், 50 எடுத்துக்கொள்வது அந்தத் தலைவலியையும் தவிர்க்கும்.

ஃபோகஸ் ஆழம்தான் ஆளைக் கவிழ்க்கும். இதே அமைப்பில் அப்பர்ச்சர், அதாவது லென்ஸின் திறப்பு, எஃப் 2.8-இல் இருந்தால் (எண் கூடக்கூடத் திறப்பு சிறுக்கும்) கூர்மையாக நிற்பது மொத்தம் 13 செ.மீ. அளவே. மூன்று நிமிடம் உட்கார்ந்திருப்பவர் தன்னை அறியாமல் முன்னால் சாய்வார், அல்லது நாற்காலியில் சரிந்து பின்னால் போவார், ஐந்தாறு செ.மீ. போதும், கண் மங்கிவிடும். எஃப் 5.6 வைத்தால் 27 செ.மீ. கிடைக்கும். அதற்கு வெளிச்சம் போதாவிட்டால், முதுகு சாயும் நாற்காலி கொடுத்து, சாய்ந்த நிலையிலேயே ஃபோகஸ் பிடியுங்கள். நாடா வைத்து அளக்கும்போது கேமராவில் ஃபிலிம் தளக் குறியிலிருந்து அவருடைய கேமராப் பக்கக் கண் வரை அளக்க வேண்டும், லென்ஸ் முனையிலிருந்து இல்லை.

வெளிச்சத்துக்கு ஒரு ஜன்னல், எதிர்ப்புறம் ஒரு வெள்ளைத் தெர்மாகோல் பலகை. இருண்ட பக்கம் வெளிச்சப் பக்கத்தைவிட இரண்டு ஸ்டாப் குறைவாக இருந்தால் முகத்துக்குக் கனம் வரும். மேகம் வந்து போவதைச் சரிசெய்ய அப்பர்ச்சரைத் தொடாதீர்கள். முகத்தின் மீது வெளிச்சம் மாறுவதும் நேரம் நகர்வதைக் காட்டும். மின்விளக்கில் எடுத்தால் ஒன்றைக் கவனியுங்கள்: 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் விளக்கு நொடிக்கு 100 முறை துடிக்கும். டிஜிட்டல் கேமராவில் ஷட்டர் 1/50 அல்லது 1/100 இருந்தால் அது பதிவாகாது. 24 ஃபிரேமில் 1/50-ஐ ஷட்டர் கோணமாகச் சொன்னால் 172.8 டிகிரி.

கேள்வி: நேரத்தை மெதுவாக்க 64 ஃபிரேமில் எடுக்கலாமா, அல்லது 24-இல் எடுத்து 16-இல் காட்டலாமா? இரண்டும் ஒன்றுதானே?

பதில்: ஒன்றில்லை. 64-இல் எடுத்து 24-இல் காட்டினால் நேரம் 2.67 மடங்கு நீளும். அது மெதுவாக்கப்பட்டது என்பது பார்த்த உடனே தெரிந்துவிடும். முகம் அழகாகிவிடும், விளம்பரத்தில் வருவதுபோல. 24-இல் எடுத்து 16-இல் காட்டினால் ஒன்றரை மடங்குதான் நீளும். வார்ஹாலின் முகங்கள் இப்படித்தான் காட்டப்பட்டன. 4,000 ஃபிரேம் 250 நொடியாக, அதாவது 4 நிமிடம் 10 நொடியாக ஓடும். மெதுவாக்கியிருக்கிறார்கள் என்று சட்டென்று சொல்ல முடியாது. ஆனால் ஏதோ ஒன்று கனக்கிறது.

கண் சிமிட்டலை வைத்துப் பாருங்கள். சாதாரணச் சிமிட்டல் ஐந்தாறு ஃபிரேம்: இமை இரண்டு ஃபிரேமில் இறங்கும், ஒன்றில் மூடியிருக்கும், இரண்டு மூன்றில் ஏறும். 24-இல் அது கால் நொடி, கவனிக்கவே மாட்டோம். 16-இல் நொடியில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல். இமை இறங்குவதையும் ஏறுவதையும் தனித்தனியாகக் காண முடியும். 64-இல் எடுத்ததென்றால் அதே சிமிட்டல் பதினைந்து ஃபிரேமுக்கு மேல் படர்ந்து, சிமிட்டலாகவே இல்லாமல், கண் மூடித் திறப்பதாக மாறிவிடும். முகம் இருக்கும் இடத்தில் நாடகம் வந்து உட்கார்ந்துகொள்ளும். முகச்சித்திரத்துக்கு ஒன்றரை மடங்கைத் தாண்டாதீர்கள் என்பதே எங்கள் கருத்து. 64-இல் எடுத்தே ஆக வேண்டுமென்றால், 24-ஐவிட ஏறக்குறைய 1.4 ஸ்டாப் அதிக வெளிச்சம் தேவை என்பதை மறக்க வேண்டாம்.

கணினியில் 16-ஐ 24 டைம்லைனில் போட, ஒன்றுவிட்டு ஒரு ஃபிரேமை இரட்டியுங்கள். 18 என்றால் மூன்றில் ஒன்றை இரட்டியுங்கள். மென்பொருள் தானாக இடை ஃபிரேம்களை உருவாக்கும் வசதியை அணைத்துவிடுங்கள். அது இமை முடிகளில் ஆவிபோன்ற இரட்டை உருவத்தை உண்டாக்கும். இரட்டித்த ஃபிரேமின் மெல்லிய துடிப்பு ஃபிலிமுக்கு உரியது, அது இருக்கட்டும்.

கேள்வி: முகத்தின் மேல் அவருடைய குரலையே போட்டால் பேட்டிபோல ஆகிவிடுகிறது. இசை போட்டால் உணர்ச்சிவசமாகிறது. ஒலியை எப்படித்தான் அணுகுவது?

பதில்: முகம் ஏற்கெனவே சொல்வதை ஒலியும் சொன்னால் இரண்டில் ஒன்று வீண். குரல் இருக்கட்டும், ஆனால் முகம் இருக்கும் நேரத்திலிருந்து அதைக் கழற்றிவிடுங்கள். ஸ்பிரிங் கேமராவின் இரைச்சலில் அதே அறையில் ஒலிப்பதிவு செய்ய முடியாது என்பதால் எப்படியும் தனியாகத்தான் பதிவுசெய்யப் போகிறீர்கள். அந்தக் கட்டாயத்தைப் பயன்படுத்திக்கொள்ளலாம்.

இதற்கு நல்ல முன்மாதிரி அமெரிக்கப் பரீட்சார்த்த இயக்குநர் ஹாலிஸ் ஃப்ராம்ப்டனின் 1971-ஆம் ஆண்டுப் படமான ‘நாஸ்டால்ஜியா’. அதில் ஒவ்வொரு புகைப்படமும் சூடான தட்டின் மேல் எரிந்து சுருளும். அப்போது கேட்கும் விவரிப்போ அடுத்து வரப்போகும் புகைப்படத்தைப் பற்றியது. ஒரே நேரத்தில், கேட்டதை நினைவில் வைத்திருக்கவும் வேண்டும், எரிவதைப் பார்க்கவும் வேண்டும். ஒரே ஒரு இடமாற்றத்தில் பார்ப்பவரின் நேரம் இரண்டாகப் பிளந்துவிடுகிறது.

நீங்கள் மூன்று பேரை எடுப்பதாக வைத்துக்கொள்வோம். படப்பிடிப்பு முடிந்த அன்றே, ஒவ்வொருவரையும் தனியே உட்காரவைத்துப் பத்து நிமிடம் பதிவுசெய்யுங்கள். தன்னைப் பற்றிப் பேசச் சொல்லாதீர்கள். முன்பு வாழ்ந்த ஒரு அறையை, கதவில் தொடங்கி வலமாகச் சுற்றி, விவரிக்கச் சொல்லுங்கள். ஆட்கள் சாமான்களைச் சொல்லும்போதுதான் குரல் பாசாங்கை விடுகிறது. பிறகு எடிட்டிங்கில் முதல் முகம் அறையின் ஒலியோடு மட்டும். இரண்டாம் முகத்தின் மேல் முதல்வரின் குரல். மூன்றாமவர் மேல் இரண்டாமவர் குரல். மூன்றாமவருடைய குரல் கறுப்புத் திரையில்.

இதில் தவறக்கூடிய இடம் ஒன்று உண்டு: பார்ப்பவர் அதை டப்பிங் என்று எடுத்துக்கொள்வார். அதைத் தடுக்க, ஒவ்வொரு முகமும் வந்து பத்து நொடி கழித்தே குரல் தொடங்க வேண்டும். உதடுகள் மூடியிருப்பது தெளிவாகத் தெரிய வேண்டும். அடுத்தடுத்து வரும் இருவர் வயதிலோ குரல் கனத்திலோ நன்றாக வேறுபட வேண்டும். மூன்றில் ஒன்று தவறினாலும் பிழைபோலத் தெரியும்.

பதிவுக்கான அளவுகள்: மைக் வாய்க்கு நேராக வேண்டாம், ஒரு சாண் தள்ளி, 45 டிகிரி பக்கவாட்டில் இருக்கட்டும், ‘ப’ ஒலிக்கும்போது வரும் காற்று மோதாது. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாதபடி அளவை வையுங்கள். ஃபிரிட்ஜை அணையுங்கள், மறுபடி போட மறக்காமல் இருக்க உங்கள் வண்டிச் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிடுங்கள். கிளம்பும் முன், எல்லோரும் அசையாமல் இருக்க, அந்த அறையின் வெறும் ஒலியை ஒரு முழு நிமிடம் பதிவுசெய்யுங்கள். இதைச் செய்யாமல் வந்தவர்கள்தான் பிறகு மௌனமான இடங்களில் வெறும் சூன்யத்தைப் போடுகிறார்கள். அரங்கில் அது மௌனமாகக் கேட்காது. ஸ்பீக்கர் போய்விட்டதென்று ஆட்கள் பின்னால் திரும்பிப் பார்ப்பார்கள். அமைதிக்கும் ஒரு ஒலி வேண்டும்.

குரலை மோனோவாக நடுவில் வையுங்கள். அறையொலியை ஸ்டீரியோவில், முன்பக்க ஒலியையே அதிகம் வாங்கும் இரண்டு கார்டியாய்ட் மைக்குகளை 17 செ.மீ. இடைவெளியில் 110 டிகிரி விரித்துப் பதிவுசெய்தால், முகத்தைச் சுற்றி ஒரு இடம் விரியும்.

உடலின் ஒலிகளும் உண்டு. மேசையில் கை வைத்திருப்பவரின் விரல் அசைவை, மேசைக்கு அடியில் ஒட்டிய பியெசோ காண்டாக்ட் மைக் (பரப்பின் அதிர்வை ஒலியாகப் பிடிக்கும் சிறு தகடு) அப்படியே தரும். அதை நேராக ரெக்கார்டரின் சாதாரண மைக் துளையில் செருகினால் தகரம்போலக் கேட்கும். கீழ்ச்சுருதி முழுக்கப் போய்விடும். அந்தத் தகட்டுக்கு 1 மெகா ஓம் அளவு உள்ளீடு வேண்டும். கிடார் செருகும் துளையோ, அதற்கென்று இருக்கும் சிறு முன்பெருக்கியோ போதும்.

கேள்வி: பத்து நிமிடத் தொடர் ஷாட், 24-இல் வேகம் மாறாமல் ஓடும் குவார்ட்ஸ் மோட்டார் கேமரா, தனி ரெக்கார்டர். படத்தையும் ஒலியையும் பொருத்த தொடக்கத்தில் அடிக்கும் கிளாப்பில் பொருந்துகிறது, கடைசியில் ஒலி அரை நொடிக்கு மேல் முந்திவிடுகிறது. ரெக்கார்டர் சரியில்லையா?

பதில்: ரெக்கார்டரைக் குறை சொல்ல வேண்டாம். ஸ்கேன் செய்த கோப்பு 23.976 வேகத்தில் ஓடுகிறது. வித்தியாசம் ஆயிரத்தில் ஒன்று. 10 நிமிடத்தில் 0.6 நொடி, அதாவது 14 ஃபிரேம். நீங்கள் சொல்லும் அளவோடு ஒத்துப்போகிறது. எடிட்டிங் மென்பொருளில் படக் கோப்பின் வேகத்தைச் சரியாக 24 என்று மாற்றிவிடுங்கள், அல்லது ஒலியின் வேகத்தை 99.9 சதவீதமாக்குங்கள். சுருதி மாறியது காதுக்குத் தெரியாது. ஸ்பிரிங் கேமராவில் வரும் விலகல் இப்படி ஒரே சீராக இருக்காது. அதற்குக் கணக்குப் போட முடியாது, மூச்சு விடும் இடங்களில் ஒலியை வெட்டி நகர்த்துவதுதான் வழி.

இன்னொன்றும் சரிபாருங்கள். ஒலி நொடிக்கு ஏறக்குறைய 343 மீட்டர்தான் போகும். மைக் 14 மீட்டர் தள்ளியிருந்தால் ஒரு ஃபிரேம் தாமதம். கிளாப்பை மைக்குக்குப் பக்கத்தில் அடித்துவிட்டு ஆளைத் தூரத்தில் நிறுத்தினால் தொடக்கத்திலிருந்தே விலகல் இருக்கும்.

கேள்வி: முகம் அசையாமல் இருக்க, மேலேறிக்கொண்டே போகும் ஒரே ஒரு தொனியை மட்டும் படம் முழுக்கப் போடலாமா?

பதில்: கனடா நாட்டுக் கலைஞர் மைக்கேல் ஸ்னோ 1967-இல் ‘வேவ்லெங்த்’ படத்தில் செய்தது அதுதான், ஆனால் அவர் எடுத்தது முகத்தை அல்ல, ஒரு அறையை: 45 நிமிடம், ஒரே ஜூம், கூடவே 50 ஹெர்ட்ஸிலிருந்து 12,000 ஹெர்ட்ஸ் வரை ஏறும் ஒரு தொனி. அதைத் திரும்பச் செய்வதில் பயனில்லை. முயன்றே ஆக வேண்டுமென்றால் இரண்டு விஷயம். ஹெர்ட்ஸ் கணக்கில் நேர்கோடாக ஏற்றினால், தொடக்கத்தில் காது பிடிக்கும் மாற்றமெல்லாம் முடிந்துவிடும். பிறகு ஒன்றும் நகராதது போலிருக்கும். அந்த எல்லைக்குள் ஏறக்குறைய எட்டு ஸ்தாயி இருக்கின்றன. ஸ்தாயிக்கு ஒரே அளவு நேரம் கொடுங்கள். 2,000 முதல் 4,000 ஹெர்ட்ஸ் வரை காது மிகக் கூர்மையானது. அங்கே 6 முதல் 10 டெசிபல் வரை குறைக்காவிட்டால் மக்கள் எழுந்து போவார்கள். மடிக்கணினி ஸ்பீக்கரில் 50 ஹெர்ட்ஸ் கேட்கவே கேட்காது என்பதையும் நினைவில் வையுங்கள்.

கேள்வி: ஒரே ஃபிலிமில் ஒரே முகத்தை இருமுறை பதிக்க முயன்றேன். இரண்டும் வெளுத்து, ஒன்றில் ஒன்று கரைந்துவிட்டன.

பதில்: இரண்டு முறையும் முழு வெளிச்சம் கொடுத்திருக்கிறீர்கள். ஒவ்வொரு முறையும் ஒரு ஸ்டாப் குறைக்க வேண்டும். மூன்று அடுக்கு என்றால் ஒன்றரை ஸ்டாப்புக்குச் சற்று அதிகமாக. பின்னணி கறுப்பாக இருக்கட்டும், ஏனென்றால் வெள்ளைச் சுவர் இரண்டாம் முகத்தைத் தின்றுவிடும்.

தொடங்கும் ஃபிரேம் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். முதல் முகத்தை எடுத்ததும் லென்ஸை மூடி, அதே எண்ணுக்குப் பின்னோக்கிச் சுற்றுங்கள். லென்ஸ் மூடியை மறந்தால் சுற்றும்போதே மூன்றாவதாக ஒரு படம் பதிந்துவிடும். இரண்டாம் முறை ஆளை நகர்த்தாதீர்கள். பக்கவாட்டில் திரும்பச் சொல்லுங்கள், அச்சு மூக்கில் இருக்கட்டும். முன்முகமும் பக்கமுகமும் ஒரே கண்ணைப் பகிர்ந்துகொள்ளும்போது, இரண்டு வேறு நிமிடங்கள் ஒரே தலையில் நிற்கும். இடையே குறைந்தது ஒரு மணி நேரம் விட்டுப் பாருங்கள், களைப்பும் பதிவாகும்.

கேள்வி: ஒளி ஒலித்தடம் உள்ள (ஃபிலிமின் ஓரத்திலேயே ஒலி பதிந்திருக்கும்) 16 மி.மீ. பிரிண்ட் ஒன்றை வெட்டி ஒட்டினேன். ஒவ்வொரு வெட்டிலும் முந்தைய ஆளின் ஒலி அடுத்தவர் முகத்தின் மேல் ஒட்டிக்கொண்டு வருகிறது. எங்கே பிசகியது?

பதில்: பிசகு இல்லை, அது பிரிண்டின் அமைப்பு. புரொஜெக்டரில் படம் நின்று நின்று நகர வேண்டும், ஒலி நிற்காமல் ஓட வேண்டும். இரண்டையும் ஒரே இடத்தில் படிக்க முடியாது. அதனால் ஒரு ஃபிரேமின் ஒலி அதற்கு 26 ஃபிரேம் முன்னால் பதிந்திருக்கும். படத்தைப் பார்த்து வெட்டினால், புதிய ஷாட்டின் முதல் 26 ஃபிரேமுக்கு உரிய ஒலி குப்பைக்குப் போய்விடும். அதற்குப் பதில் பழைய ஷாட்டின் வால் கேட்கும், ஒரு நொடிக்குச் சற்று அதிகமாக.

சுத்தமான வெட்டு வேண்டுமென்றால் வெட்டும் இடத்துக்கு முன்னாலும் பின்னாலும் 26 ஃபிரேம் பேச்சு இல்லாத இடமாகப் பார்த்துக்கொள்ளுங்கள். ஆனால் ஒட்டியதை ஒருமுறை முழுதாக ஓட்டிக் கேளுங்கள். ஒருவர் சொல்லின் கடைசி அசை இன்னொருவர் முகம் திறந்த பிறகும் தொடர்வது, மேலே சொன்ன மூன்று முகப் படத்துக்கு நீங்கள் தேடிக்கொண்டிருந்த இணைப்பாகவே இருக்கக்கூடும்.